புகை டெஸ்ட், எஃப்சி, கலர் ஸ்டிக்கர்: எது எங்க கிடைக்கும், கிடைச்சது ஒரிஜினலானு எப்படி பாக்கறது

வண்டியை செக் பண்ணி குடுக்கற கவர்மென்ட் ஸ்டிக்கர், சர்டிபிகேட் எல்லாம் எங்கங்க வாங்கறதுனு தமிழ்நாட்ல கேட்டா ஆளுக்கு ஒரு பதில் வரும். ஒருத்தர் பெட்ரோல் பங்க்குக்கு போங்கம்பார், இன்னொருத்தர் ஆர்டிஓ ஆபீஸ்ம்பார், மூணாவது ஆள் அதான் ஷோரூம்லயே குடுத்திருப்பாங்களேம்பார். மூணு பேர் சொல்றதும் சரிதான், ஆனா மூணு பேரும் வேற வேற சமாச்சாரத்தைப் பத்தி பேசறாங்க. முதல் ஆள் சொல்றது புகை டெஸ்ட், அதாவது பியூசி. ரெண்டாவது எஃப்சி, அதாவது வண்டி ரோட்ல ஓடற தகுதியில இருக்குனு குடுக்கற ஃபிட்னஸ் சர்டிபிகேட். மூணாவது முன்கண்ணாடியில உள்பக்கமா ஒட்டற கலர் ஸ்டிக்கர். இதுல உங்க வண்டிக்கு எது வேணும்னு தெரிஞ்சாலே பாதி அலைச்சல் மிச்சம்.

முதல்ல ஒண்ணு சொல்லிடறேன், இப்ப ஸ்டிக்கரு பேப்பரு எல்லாம் ரெண்டாம்பட்சம்தான். வாகன்னு சொல்ற மத்திய அரசு சர்வர்ல உங்க வண்டி நம்பருக்கு நேரா எந்த தேதி வரைக்கும் ஏறியிருக்கோ அதுதான் கணக்கு. ரோட்ல நிறுத்தற போலீஸ்காரர் மெஷின்ல நம்பரை அடிச்சா அவருக்கு வர்றதும் அதேதான், ஒடிசா பீகார் பக்கமெல்லாம் டோல்கேட் கேமராவே நம்பர் பிளேட்டைப் படிச்சு சர்வர்ல பாத்துட்டு சலான் அனுப்பிடுது, நீங்க டேஷ்போர்டுல எவ்வளவு அழகா லேமினேட் பண்ணி வெச்சிருந்தாலும் கேமராவுக்கு அது தெரியப் போறதில்ல. அதனால எங்க எடுக்கணும்னா, சர்வர்ல ஏத்தற இடத்துல எடுங்க. கலர் கலரா பிரின்ட் எடுத்து குடுக்கற இடத்துல இல்ல.

புகை டெஸ்ட்லருந்து ஆரம்பிக்கலாம், ஏன்னா இது கிட்டத்தட்ட எல்லாருக்கும் வேணும். பைக், ஸ்கூட்டி, சொந்தக் கார், ஆட்டோ, லாரி எதுவா இருந்தாலும் சரி, ரிஜிஸ்டர் பண்ணி ஒரு வருஷம் தாண்டிட்டா செல்லுபடியாகற பியூசி இருக்கணும்னு 1989 மத்திய மோட்டார் வாகன விதிகள்ல 115வது விதி சொல்லுது. புது வண்டிக்கு முதல் வருஷம் தேவையில்ல, ஆறாவது மாசமே யாராவது நிறுத்தி பியூசி எங்கனு கேட்டா ஆர்சியில இருக்கற ரிஜிஸ்ட்ரேஷன் தேதியைக் காட்டுங்க போதும். பேட்டரி வண்டிக்கு சைலன்சரே கிடையாது, அப்பறம் எங்க டெஸ்ட்.

எத்தனை நாளைக்கு செல்லும்ன்றதுல நெறைய பேர் குழம்பறாங்க. வண்டி எவ்வளவு புகை விடலாம்னு கவர்மென்ட் வெச்ச தரத்துக்கு பாரத் ஸ்டேஜ், சுருக்கமா பிஎஸ்னு பேரு. பிஎஸ்4, பிஎஸ்6 வண்டின்னா ஒரு வருஷம், அதுக்கு முந்தின வண்டின்னா ஆறே மாசம். சரி உங்களுது எதுனு எப்படி தெரியும்? மாடல் வருஷத்தை வெச்சு குத்துமதிப்பா சொல்லிடலாம்னு நினைக்காதீங்க, நாடு முழுக்க பிஎஸ்4 வந்தது 2017 ஏப்ரல், பிஎஸ்6 வந்தது 2020 ஏப்ரல், ஆனா சென்னை மாதிரி சில ஊர்ல காருக்கு மட்டும் 2010லயே பிஎஸ்4 வந்துடுச்சு. ஒரே வீட்ல 2012ல வாங்கின காருக்கு ஒரு வருஷம் செல்லும், அதே வருஷம் வாங்கின பைக்குக்கு ஆறு மாசம்தான் செல்லும்னு ஆகறது இதனாலதான். எம்பரிவாகன்ன்ற மத்திய அரசு ஆப்ல வண்டி நம்பரைப் போட்டா எமிஷன் நார்ம்ஸ்னு ஒரு வரி வரும், அதுல பாத்துக்கோங்க.

இப்ப எங்கன்றதுக்கு வருவோம். பெரிய பெட்ரோல் பங்க் பலதுலயும் ஒரு ஓரமா சின்ன கேபின் இருக்கும், அது ஒண்ணு. ஆர்டிஓ ஆபீஸ் சுத்தி இருக்கற தெருக்கள்ல ஜெராக்ஸ் கடை, இன்ஷூரன்ஸ் ஏஜென்ட், டீக்கடைக்கு நடுவுல எமிஷன் டெஸ்ட்னு போர்டு போட்டுருப்பாங்க, அது ரெண்டாவது. கம்பெனி சர்வீஸ் சென்டர் சிலதுலயும் உண்டு, சர்வீஸுக்கு விடும்போதே கேட்டா முடிச்சுக் குடுத்துடுவாங்க, காசு கொஞ்சம் கூட ஆகலாம். எதுவுமே கண்ல படலைன்னா பரிவாகன்ன்ற மத்திய அரசு வெப்சைட்ல பியூசி பக்கத்துக்குப் போய் சென்டர் லிஸ்ட்ல தமிழ்நாடு, அப்பறம் உங்க ஏரியா ஆர்டிஓ, ரெண்டையும் செலக்ட் பண்ணினா லைசென்ஸ் வாங்கின சென்டர் பேரெல்லாம் வரும். கடை புதுசா இருக்கு சந்தேகமா இருக்குன்னாலும் அந்த லிஸ்ட்ல பேர் இருக்கானு பாத்துட்டுப் போங்க, ரெண்டு நிமிஷ வேலை.

உங்க ஊர்லதான் எடுக்கணும்னு இல்ல. 2021ல நாடு முழுக்க ஒரே மாதிரி க்யூஆர் கோடு போட்ட சர்டிபிகேட்டா மாத்திட்டாங்க, அதனால மதுரை வண்டிக்கு ஓசூர்ல எடுத்தாலும் பெங்களூர்ல எடுத்தாலும் செல்லும். கேரளா போற வழியில பியூசி முடிஞ்சது ஞாபகம் வந்தா பதறாதீங்க, அடுத்த பங்க்ல நிறுத்தி எடுத்துக்கலாம்.

கொஞ்ச வருஷம் முன்னாடி வரைக்கும் நம்பர் பிளேட்டை போட்டோ எடுத்து வாட்ஸப்ல அனுப்பினா வீட்ல உக்காந்தபடியே சர்டிபிகேட் வந்துடும், வண்டி ஒரு ஊர்ல நிக்கும் டெஸ்ட் இன்னொரு ஊர்ல முடிஞ்சிருக்கும். தமிழ்நாட்ல 2024ல இதுக்கு ஒரு கட்டு போட்டாங்க, சென்டர் இருக்கற இடத்துலருந்தே, ஜிபிஎஸ் ஆன்ல வெச்ச மொபைல் ஆப்லதான் வண்டியை போட்டோ, வீடியோ எடுத்து ஏத்தணும், இடம் தள்ளிப் போனா ஆப் ஏத்துக்காது. அதனால இப்பவும் யாராவது "வண்டியெல்லாம் வேணாண்ணே, நம்பரை மட்டும் அனுப்புங்க"னு சொன்னா அங்கயே கழண்டுக்கோங்க. ஒண்ணு அவர் ஏதோ தில்லுமுல்லு பண்றார், இல்லன்னா உங்களுக்கு வரப்போறது வெறும் கலர் பிரின்ட். இதுல எனக்கு எந்த இரக்கமும் இல்ல, அம்பது நூறு ரூபா விஷயத்துக்கு போலி பேப்பர் வாங்கறது மாதிரி வெட்டிச் செலவு வேற கிடையாது.

டெஸ்ட் எப்படி நடக்கும்னு தெரிஞ்சு வெச்சுக்கிட்டா ஏமாத்தறாங்களா இல்லையானு நீங்களே கண்டுபிடிச்சுடலாம். பெட்ரோல் வண்டின்னா இன்ஜினை ஐடில்ல ஓட விட்டு, நீளமா ஒரு ப்ரோப் கம்பியை சைலன்சர் வாய்க்குள்ள விடுவாங்க, சும்மா வாயில தொட்டு வெச்சா பத்தாது, 30 சென்டிமீட்டர் உள்ள போகணும், இல்லன்னா வெளிக்காத்து கலந்து அளவு கம்மியா காட்டும். அந்தக் கம்பியிலருந்து ட்யூப் ஒண்ணு கேஸ் அனலைசர் மெஷினுக்குப் போகும், ஸ்க்ரீன்ல கார்பன் மோனாக்சைடு எத்தனை சதவீதம், ஹைட்ரோகார்பன் எத்தனை பிபிஎம்னு நம்பர் மேலயும் கீழயும் ஆடிட்டு கொஞ்ச நேரத்துல ஒரு இடத்துல நிக்கும். பிஎஸ்4 பெட்ரோல் காருக்கு கார்பன் மோனாக்சைடு 0.3 சதவீதம், ஹைட்ரோகார்பன் 200 பிபிஎம் தாண்டக் கூடாது, கூடவே ஆர்பிஎம்மை 2500 பக்கம் ஏத்தி வெச்சு லாம்டானு, அதாவது காத்தும் பெட்ரோலும் சரியான விகிதத்துல கலக்குதானு, இன்னொரு அளவும் எடுப்பாங்க. 2000க்கு அப்பறம் வந்த பழைய ஃபோர் ஸ்ட்ரோக் பைக்குன்னா 3.5 சதவீதம், 4500 பிபிஎம் வரைக்கும் விடுவாங்க. பிஎஸ்6 பைக்குக்கு அதை 0.5 சதவீதம், 500 பிபிஎம்னு இறுக்கிட்டாங்க.

டீசல் வண்டிக்கு டெஸ்டே வேற. ஆக்ஸிலேட்டரை ஒரே மிதியா மிதிச்சு விடணும், அப்ப வர்ற புகை எவ்வளவு வெளிச்சத்தை மறைக்குதுனு ஸ்மோக் மீட்டர் பாக்கும், திரும்பத் திரும்ப மிதிக்கச் சொல்லி சராசரி எடுப்பாங்க. மீட்டர் காட்டற அளவு பிஎஸ்4க்கு முந்தின வண்டிக்கு 2.45, பிஎஸ்4க்கு 1.62, பிஎஸ்6க்கு 0.7, அதுதான் எல்லை. டீசல் காரை கொண்டு போனீங்க, யாரும் ஆக்ஸிலேட்டரையே மிதிக்கல, ஆனா சர்டிபிகேட் மட்டும் வந்துடுச்சுன்னா அங்க நடந்தது டெஸ்ட் இல்ல. இதையெல்லாம் கேட்டா "எல்லாருக்கும் இப்படித்தான் சார்"னு ஒரு பதில் ரெடியா இருக்கும்.

போறதுக்கு முன்னாடி வண்டியை ஒரு அஞ்சாறு கிலோமீட்டர் ஓட்டி சூடு பண்ணிட்டுப் போங்க. இன்ஜின் சில்லுனு இருக்கும்போது பெட்ரோல் சரியா எரியாது, நல்ல வண்டி கூட ஃபெயில் காட்டும். பழைய கார்ப்ரேட்டர் பைக்குன்னா சோக் இழுத்துவிட்டபடியே இருக்கானு பாருங்க, ஏர் ஃபில்டரை தட்டி சுத்தம் பண்ணுங்க, ஸ்பார்க் பிளக் கறுப்பா கரி புடிச்சிருந்தா மாத்திடுங்க, இந்த மூணுலயே நெறைய பைக் பாஸ் ஆயிடும். அதுக்கும் மேல போனா மெக்கானிக்கிட்ட குடுத்து மிக்ஸ்ச்சர் ஸ்க்ரூவை அட்ஜஸ்ட் பண்ணச் சொல்லணும். டீசல்ல கறுப்புப் புகை தள்ளுதுன்னா ஏர் ஃபில்டர், இல்லன்னா இன்ஜெக்டர். சைலன்சர்ல ஓட்டை இருந்தா அதை அடைச்சுட்டுப் போங்க. ஃபெயில் ஆனா ரிஜெக்ஷன் ஸ்லிப்னு ஒண்ணு குடுக்கணும், அதுல என்ன அளவு வந்துச்சுனு போட்டிருக்கும், அதை அப்படியே சர்வீஸ் சென்டர்ல காட்டினா என்ன வேலைனு அவங்களுக்குப் புரியும். ஃபெயில்னு வாயால சொல்லிட்டு "ஒரு நூறு சேத்துக் குடுங்க பாஸ் பண்ணிடலாம்"னு சொல்ற ஆளுகிட்ட அந்த ஸ்லிப்பைக் கேட்டுப் பாருங்க, பேச்சு மாறும்.

டெஸ்ட் முடிஞ்சதும் அங்க நின்னபடியே செக் பண்ணிடுங்க. பரிவாகன் பியூசி பக்கத்துல வண்டி நம்பரும் சேஸ் நம்பரோட கடைசி அஞ்சு எழுத்தும் போட்டா சர்டிபிகேட் வரணும், அங்கயே டவுன்லோடும் பண்ணிக்கலாம், பிரின்ட்டைத் தொலைச்சவங்களும் அங்கயே எடுத்துக்கலாம். எம்பரிவாகன், டிஜிலாக்கர்ல காட்டினா போலீஸ் ஏத்துக்கணும், 2018லயே விதியை மாத்தியாச்சு. மெசேஜ் போறதுக்கு ஓனரோட மொபைல் நம்பர் வேணும், அதனால செகண்ட்ஸ்ல வாங்கின வண்டின்னா வாகன்ல பழைய ஓனர் நம்பர் இருக்கானு பாத்து மாத்திடுங்க, இல்லன்னா உங்க வண்டிக்கு வர்ற சலான் மெசேஜ் எல்லாம் அவருக்குப் போய்ட்டிருக்கும், நல்லவரா இருந்தா ஃபார்வர்ட் பண்ணுவார். சில சென்டர்ல பச்சையா ஒரு ஸ்டிக்கரும் ஒட்டி விடுவாங்க, ஒட்டினா ஒட்டட்டும், அதுக்குன்னு தனியா காசு கேட்டா குடுக்க வேண்டியதில்ல.

எடுக்காம விட்டா என்ன ஆகும்? மோட்டார் வாகனச் சட்டம் 190(2) பிரிவுல 10,000 ரூபா வரைக்கும் அபராதம், மூணு மாசம் வரைக்கும் ஜெயில், லைசென்ஸை மூணு மாசம் முடக்கறதுனு வரிசையா இருக்கு. 2019 திருத்தத்துக்கு அப்பறம்தான் இவ்வளவு ஏறுச்சு. இன்ஷூரன்ஸ் விஷயத்துல ஒரு வதந்தி சுத்திட்டே இருக்கு, பியூசி இல்லன்னா கிளெய்மே கிடைக்காதுனு. பியூசி இல்லாத காரணத்துக்காக மட்டும் கிளெய்மை மறுக்கறதுனு எதுவும் இல்லனு இன்ஷூரன்ஸ் கம்பெனிகளைக் கண்காணிக்கற ஐஆர்டிஏஐ 2020லயே சொல்லிடுச்சு. பியூசி இருந்தாதான் பாலிசி ரினியூ பண்ணணும்னு 2017ல சுப்ரீம் கோர்ட் போட்ட உத்தரவையும் 2024 ஜூலையில அவங்களே தளர்த்திட்டாங்க. அதனால ஏஜென்ட் இதைச் சொல்லி பயமுறுத்தினா பயப்படாதீங்க, ஆனா அதை சாக்கா வெச்சு எடுக்காமயும் இருக்காதீங்க, அபராதம் அப்படியேதான் இருக்கு.

அடுத்து எஃப்சி. இது வாடகைக்கு ஓடற, சம்பாதிக்கற வண்டிக்கு, அதாவது ஆட்டோ, கால் டாக்சி, வேன், லாரி, பஸ், டாட்டா ஏஸ் மாதிரி. சட்டத்துல 56வது பிரிவு. புது வண்டிக்கு முதல் ரெண்டு வருஷம், அப்பறம் வண்டிக்கு எட்டு வயசு ஆகற வரைக்கும் ரெண்டு வருஷத்துக்கு ஒருக்கா, அதுக்கு மேல வருஷா வருஷம். இது பங்க்லயோ கடையிலயோ கிடைக்காது, உங்க ஆர்டிஓ ஆபீஸ் இல்லன்னா அதுக்குக் கீழ இருக்கற யூனிட் ஆபீஸ்தான். பரிவாகன்ல அப்ளிகேஷன் போட்டு ஃபீஸ் கட்டணும், டாக்ஸ், இன்ஷூரன்ஸ், பர்மிட், பியூசி எல்லாம் லைவா இருக்கணும், அப்பறம் குறிச்ச நாள்ல வண்டியை செக் பண்ற கிரவுண்டுக்கு கொண்டு போகணும். மெஷின் வெச்சு பிரேக்கு, லைட்டு எல்லாம் டெஸ்ட் பண்ற ஆட்டோமேட்டட் ஸ்டேஷனுக்கு மாத்தணும்னு மத்திய அரசு 2021லருந்தே விதி போட்டு தள்ளித் தள்ளி கொண்டு வந்துட்டிருக்கு, அதனால வண்டியை எங்க காட்டணும்னு ஒருதடவை ஆபீஸ்ல கேட்டுட்டுக் கிளம்புங்க.

கிரவுண்டுல பாத்தீங்கன்னா புதுப் பெயின்ட் வாசனையோட வரிசையா வண்டி நிக்கும். பிரேக் இன்ஸ்பெக்டர்னு நம்மாளுங்க சொல்ற மோட்டார் வாகன ஆய்வாளர் வந்து ஹெட்லைட், இண்டிகேட்டர், வைப்பர், ஹாரன் எல்லாம் போட்டுக் காட்டச் சொல்வார், ஓட்டி பிரேக் அடிக்கச் சொல்வார். சேஸ் நம்பர் மேல பேப்பரை வெச்சு பென்சிலால தேச்சு எடுத்த பிரின்ட்டை ஆர்சியோட ஒப்பிட்டுப் பாப்பாங்க, துரு ஏறி நம்பர் தெரியலைன்னா அங்கயே நின்னுடும், அதனால முந்தின நாளே கொஞ்சம் மண்ணெண்ணெய் போட்டுத் துடைச்சு வெச்சுடுங்க. ரிஃப்ளெக்டர் டேப் முன்னாடி வெள்ளை, பக்கவாட்டுல மஞ்சள், பின்னாடி சிவப்பு, இதுல கலர் மாறினாலும் திருப்பி அனுப்புவாங்க. ஆட்டோன்னா மீட்டர் சீல் வேணும், அது ஆர்டிஓ வேலை இல்ல, தொழிலாளர் துறையில இருக்கற எடையளவுப் பிரிவுல வாங்கிட்டு வரணும். பாஸ் ஆனா எஃப்சி தேதியை வண்டியோட பக்கவாட்டுல பெயின்ட்ல எழுதிக்குவாங்க, பர்மிட், டாக்ஸ், இன்ஷூரன்ஸ் தேதியோட சேத்து. இங்க அதுதான் ஸ்டிக்கர் மாதிரி. எஃப்சி முடிஞ்ச வண்டி சட்டப்படி ரிஜிஸ்ட்ரேஷனே இல்லாத வண்டிக்கு சமம், அதை ரோட்ல ஓட்டவே கூடாது.

எஃப்சின்னா ரெண்டு நாளைக்கு கடன் வாங்கின ஸ்டெப்னியை மாட்டி, பாடிக்கு பட்டி பாத்து பெயின்ட் அடிச்சுக் காட்டிட்டு வந்துடறதுதான்னு நினைக்கறவங்க இன்னும் இருக்காங்க. 2012 ஜூலையில தாம்பரம் பக்கம், சேலையூர்ல இருந்த ஒரு ஸ்கூலோட பஸ் தரையில இருந்த ஓட்டை வழியா ஒரு சின்னப் பொண்ணு கீழ விழுந்து செத்துப் போச்சு, அந்த பஸ்ஸுக்கும் எஃப்சி இருந்துச்சு. அதுக்கப்பறம்தான் தமிழ்நாட்ல ஸ்கூல் வண்டிகளுக்குன்னே 2012ல தனி விதிகள் வந்து, ஸ்கூல் திறக்கறதுக்கு முன்னாடி வருஷா வருஷம் கிரவுண்டுக்கு வரவெச்சு தரைப்பலகை, எமர்ஜென்சி கதவு, படிக்கட்டு உயரம் எல்லாம் பாக்கறாங்க. பிள்ளைங்களை வேன்ல அனுப்பறவங்க அந்த வேன் நம்பரை எம்பரிவாகன்ல போட்டு எஃப்சி, இன்ஷூரன்ஸ் தேதி பாருங்க, ஒருதடவை உள்ள ஏறி மேட்டைத் தூக்கி தரையையும் பாருங்க. டிரைவர் அண்ணன் கோச்சுக்க மாட்டார், கோச்சுக்கிட்டா வேற வேன் பாருங்க.

சொந்தக் கார், பைக்குக்கு எஃப்சி கிடையாதானு கேட்டா, முதல் 15 வருஷத்துக்கு இல்ல. 15 வருஷம் முடிஞ்சதும் ஆர்சியை ரினியூ பண்ணணும், ஊர்ல இதையும் எஃப்சி காட்டறதுனுதான் சொல்வாங்க. ஃபார்ம் 25 அப்ளிகேஷன், பசுமை வரி, பியூசி, இன்ஷூரன்ஸ் எல்லாம் சேத்து வண்டியை ஆர்டிஓவுல காட்டணும், பாஸ் ஆனா அஞ்சு வருஷத்துக்குக் குடுப்பாங்க. முடியறதுக்கு 60 நாள் முன்னாடியே போடலாம், கடைசி வாரத்துல ஓடாதீங்க. 2022 ஏப்ரல்லருந்து ரினியூவல் ஃபீஸ் பைக்குக்கு 1000, காருக்கு 5000 ஆயிடுச்சு, 20 வருஷம் தாண்டின வண்டிக்கு 2025ல அதையும் டபுளாக்கிட்டாங்க. ஓடாம வீட்டு வாசல்ல நிக்கற பழைய வண்டி வெச்சிருக்கறவங்க முதல்ல மெக்கானிக்கைக் கேளுங்க, ஃபீஸ், வரி, பெயின்ட், டயர் எல்லாம் கூட்டிப் பாத்தா வண்டி விலையையே தாண்டலாம்.

கலர் ஸ்டிக்கர் கதை சின்னது. 2019 ஏப்ரலுக்கு அப்பறம் வந்த வண்டிகளுக்கு ஹை செக்யூரிட்டி நம்பர் பிளேட்டோட சேத்து டீலரே குடுக்கணும், கார் முன்கண்ணாடியில இடது மேல் மூலையில உள்பக்கமா ஒட்டறது. பெட்ரோல், சிஎன்ஜிக்கு வெளிர் நீலம், டீசலுக்கு ஆரஞ்சு, மத்ததுக்கு சாம்பல் கலர், பிஎஸ்6ன்னா மேல ஒரு பச்சைப் பட்டை இருக்கும். கண்ணாடி உடைஞ்சு மாத்தினீங்கன்னா ஸ்டிக்கரும் போயிடும், டீலர்கிட்ட ஆர்சியோட போய் கேளுங்க, ரோட்டோரம் ஸ்டிக்கர் கட் பண்ற கடையில அடிச்சு ஒட்டிக்காதீங்க, அதுல வண்டி நம்பரும் சீரியல் நம்பரும் வரும்.

ரொம்பப் பழைய வண்டி வெச்சிருக்கறவங்களுக்கு இன்னொண்ணு. சென்டர்ல நம்பரை அடிச்சா வண்டியே வரலைனு திருப்பி அனுப்பினா அது சென்டர் தப்பு இல்ல, உங்க ஆர்சி விவரம் வாகன்ல ஏறவே இல்லனு அர்த்தம். ஒரிஜினல் ஆர்சியை எடுத்துட்டு அதைக் குடுத்த ஆர்டிஓ ஆபீஸ் போய் பேக்லாக் என்ட்ரி, அதாவது விட்டுப்போன பழைய விவரத்தை சர்வர்ல ஏத்தறது, போடச் சொல்லி எழுதிக் குடுங்க, அது ஏறினதுக்கு அப்பறம்தான் பியூசியும் வரும் ரினியூவலும் நடக்கும். வேற ஊருக்கு குடிமாறினவங்க புது ஊர் ஆர்டிஓ முன்னாடி போய் நின்னா பழைய ஆபீஸுக்கே அனுப்புவாங்க, அதனால முதல்லயே அங்க போயிடுங்க.